பெயர் கூப்பிட்டபோது நான் கருவாடு காயவைத்துக்கொண்டிருந்தேன்

பட்டாசு வெடித்தபோது நான் கருவாட்டைப் புரட்டிப் போட்டுக்கொண்டிருந்தேன். அன்று பெருநாளும் இல்லை, ஊரில் கல்யாணமும் இல்லை. படகு ஏற்றி வைக்கிற பக்கமிருந்துதான் சத்தம் வந்தது. அயல்வீட்டுப் பெண் வேலியோரம் வந்து நின்றாள். சொல்லலாமா வேண்டாமா என்கிற முகம்.

"என்ன விசேஷம்?" என்று கேட்டேன்.

"உங்களுக்குத் தெரியாதா? முதலாளிட கேஸ் தள்ளிட்டாங்களாம். கோட்டுல இருந்து இப்பதான் வேன்ல வந்து இறங்கினாங்க."

"அது இண்டைக்கு இல்லையே. கேஸ் தவணைய வேற நாளைக்கு மாத்தியாச்சு. நானா வந்து சொன்னாரே."

அவள் என் கையைப் பார்த்தாள், பிறகு நிலத்தைப் பார்த்தாள். அப்போதுதான் எனக்கு விளங்கத் தொடங்கியது. கருவாட்டுக் கூடையை அப்படியே போட்டுவிட்டு என் கூடப்பிறந்த அண்ணன், நானாவின் வீட்டுக்கு ஓடினேன். கதவு சாத்தியிருந்தது. தட்டினேன், கூப்பிட்டேன். உள்ளே சட்டி பானை நகரும் சத்தம் கேட்டது. யாரும் திறக்கவில்லை.

அந்த வழக்கு பொலிஸ் போட்டதல்ல, நானே போட்டது. அதைச் சொல்வதென்றால் கொஞ்சம் பின்னால் போகவேண்டும்.

யுத்தம் முடிந்து சில வருடங்கள் ஆகியிருந்த காலம். மன்னார்ப் பக்கத்தில் எங்கள் ஊரைத் திறந்துவிட்டார்கள் என்று ஆண்கள் பலர் காடு வெட்டப் போயிருந்தார்கள். என் கணவரும் போனார். வீடு நின்ற இடத்தில் மரம் நிற்கிறது, கிணற்றைத் தேடிக்கொண்டிருக்கிறோம் என்று சொல்லியனுப்பினார். நான் இரண்டு மகள்களோடு புத்தளம் பக்கக் கரையான பள்ளிவாசல்துறையில் இருந்தேன். தொண்ணூறில் புலிகள் வடக்கு முஸ்லிம்களைத் துரத்தியபோது நான் சிறு பிள்ளை. தில்லையடியில் ஓலைக் கொட்டிலில் வளர்ந்து, கல்யாணம் முடித்து இந்தக் கரைக்கு வந்தேன். எனக்குப் பின்னால் என் நானாவும் குடும்பத்தோடு வந்து, முதலாளியின் படகில் தொழிலுக்கு ஏறினார்.

முதலாளி என்றால் இந்தக் கரையில் ஒருவர்தான். பெரிய படகுகள் அவருடையவை. எங்கள் மீனை வாங்குகிறவரும் அவர்தான். கெட்ட மனிதர் என்று ஊரில் யாரும் சொல்லமாட்டார்கள். மையித்து எடுக்கிற வீட்டுக்கு முதல் ஆளாக வருவார், நோன்பு காலத்தில் கஞ்சிக்கு அரிசி கொடுப்பார். ஆனால் நான் கருவாடு போடுகிற மணல்திட்டின் மேல் அவருக்குக் கண் இருந்தது. அங்கே மீன் வைக்கிற தன் வாடியைப் பெரிதாகக் கட்டவேண்டும் என்றார். நாங்கள் வந்த காலத்திலிருந்து காயவைக்கிற இடம், விடமாட்டேன் என்றேன்.

ஒரு முற்பகலில் ஆட்களோடு வந்து என் பரண்களைப் பிடுங்கி எறிந்தார். நான் குறுக்கே நின்றேன். அவர் கையில் ஒரு துடுப்பு இருந்தது. அதை ஓங்கினார். தலையில் விழப்போகிறது என்று வலது கையைத் தூக்கினேன். எலும்பு முறிகிற சத்தத்தை என் காதாலேயே கேட்டேன். பக்கத்தில் என்னோடு மீன் பரப்பிக்கொண்டிருந்தவள் நானாவின் மனைவி, என் மதினி. கை நீட்டினால் தொடுகிற தூரம். நானா படகிலிருந்து பெட்டி இறக்கிக்கொண்டிருந்தார்.

புத்தளம் ஆஸ்பத்திரியில் மாவு கட்டினார்கள். கை கோணலாகத்தான் பொருந்தியது. இன்றுவரை ஈரத்துணியை முறுக்கிப் பிழிய எனக்கு ஏலாது. பொலிஸில் முறைப்பாடு கொடுத்தேன். விசாரிக்க வந்தார்கள். "நான் மற்றப் பக்கம் பாத்துட்டு இருந்தன்" என்றாள் மதினி. "சறுக்கி விழுந்திருப்பா" என்றார் நானா. உங்களுடைய சொந்த ஆட்களே இப்படிச் சொல்கிறார்கள், பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள் என்று பொலிஸார் போய்விட்டார்கள்.

அன்று பின்னேரம் நானா என் வீட்டுக்கு வந்து வாசலில் இருந்து அழுதார். "நான் என்ன செய்ய, தங்கச்சி? அவர்ட படகுலதான் என்ட சோறு. நீ கேஸ் போடு. நான் குறுக்கால நிக்கமாட்டன்." நான் அவரை நம்பினேன். எங்கள் உம்மாவும் வாப்பாவும் போனபின் எனக்கு இருந்தது அவர் ஒருவர்தான்.

புத்தளம் நகரில் ஒரு இளம் சட்டத்தரணியைப் பிடித்தேன். சிலாபப் பக்கத்துச் சிங்களப் பெண். தமிழ் நன்றாகக் கதைப்பாள். பொலிஸ் வழக்குப் போடாவிட்டால் பாதிக்கப்பட்டவரே நேராக நீதவானிடம் முறையிடலாம் என்று அவள்தான் சொன்னாள். ஆனால் ஒரு எச்சரிக்கையும் தந்தாள். "பொலிஸ் கேஸ் எண்டா நீங்க வராட்டியும் அவங்க நடத்துவாங்க, அக்கா. இது உங்கட கேஸ். ஒவ்வொரு தவணைக்கும் நீங்க நிக்கோணும்."

நின்றேன். விடியற்காலையில் சுபஹ் தொழுதுவிட்டு கல்பிட்டி வீதிக்கு நடந்து, பஸ் ஏறி, பாலாவியில் மாறி, ஒவ்வொரு தவணைக்கும் போனேன். எதிரியான முதலாளிக்குச் சுகமில்லை என்பார்கள், அவருடைய சட்டத்தரணி வரவில்லை என்பார்கள், இன்னொரு திகதி கொடுப்பார்கள். திரும்பி வருவேன். இடையில் என் போன் கடலில் விழுந்து செத்துப்போனது. அதனால் நானாவின் இலக்கத்தைச் சட்டத்தரணியிடம் கொடுத்திருந்தேன். அவள் அழைத்துச் சொல்வதை நானா வந்து சொல்வார். எல்லாமே சரியாகத்தான் சொன்னார்.

கடைசியாக விசாரணைக்கு ஒரு நாள் குறித்தார்கள். அன்று நான் சாட்சிக்கூட்டில் ஏறி நடந்ததைச் சொல்லவேண்டும். அதற்கு முந்திய நாள் பின்னேரம் அஸர் நேரத்தில் நானா வந்தார். தேத்தண்ணி கொடுத்தேன். குடித்து முடித்துக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்: "லோயர் மிஸ் கோல் எடுத்தா. நீதவான் லீவாம். நாளைக்கு வரத் தேவல்லயாம். தவணை பிறகு சொல்றாவாம்."

அவர் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. நான் சந்தோஷப்பட்டேன் என்றுகூடச் சொல்லவேண்டும். நல்ல வெயில் அடித்துக்கொண்டிருந்தது, மீன் நிறைய வந்திருந்தது. ஒரு நாள் வீணாகப் போகாது என்று நினைத்தேன்.

பட்டாசு வெடித்த மறுநாள் காலை முதல் பஸ்ஸில் புத்தளத்துக்குப் போனேன். சட்டத்தரணி என்னைக் கண்டதும் எழும்பிவிட்டாள்.

"எங்க அக்கா போனீங்க? மூண்டு தரம் கூப்பிட்டாங்க உங்கட பேர. கொஞ்சம் பொறுங்க, பஸ் பிந்தியிருக்கும் எண்டு கேட்டன். மத்தக் கேசுகள் ஒரு சுற்று முடியிற வரைக்கும் நீதவான் பொறுத்தார். பிறகு எதிரிய விட்டுட்டார்."

"தவணை மாத்தினதா நீங்க நானாவுக்குச் சொன்னீங்களே."

"நான் சொல்லல்ல. முந்தின நாள் நான் எடுத்தது நேரத்துக்கு வரச் சொல்லத்தான்."

எனக்குக் கதிரை கிடைத்ததா, நானே தரையில் இருந்துவிட்டேனா என்று இப்போது நினைவில்லை. அவள் தண்ணீர் கொடுத்தாள். நான் குடிக்கவில்லை. "இனி ஒண்டும் செய்ய ஏலாதா?" என்று மட்டும் கேட்டேன். என் குரல் எனக்கே யாரோ ஒருத்தியின் குரல்போலக் கேட்டது.

அவள் சட்டப் புத்தகத்தை எடுத்து வாசித்துவிட்டுத் தமிழில் சொன்னாள். முறைப்பாட்டாளர் வராவிட்டால் எதிரியை விடுதலை செய்யவேண்டும், அதுதான் சட்டம். ஆனால் முறைப்பாட்டாளர் தாமதிக்காமல் வந்து, நோயினாலோ விபத்தினாலோ தன் கையில் இல்லாத வேறொரு காரணத்தினாலோதான் வரமுடியவில்லை என்று நீதவானை நம்பவைத்தால், அந்தக் கட்டளையை அவர் நீக்கலாம். வழக்கு பழையபடி உயிர்பெறும். நம்பவைக்காவிட்டால் முடிந்தது முடிந்ததுதான். அதே அடிக்காக அதே மனிதர்மேல் மறுபடி வழக்குப் போட முடியாது.

"அப்ப உண்மையச் சொல்லுவம்," என்றேன்.

"சொல்லலாம். ஆனா அக்கா, அவங்கட லோயர் கேட்பார், ஒருத்தர் சொன்னா நீங்க விசாரிக்காம வீட்டுல இருப்பீங்களா எண்டு. உங்கட நானா வந்து, நான்தான் பொய் சொன்னன் எண்டு சொன்னா நல்லம். இல்லாட்டி உங்கட வாய்ப்பேச்சு மட்டும்தான்."

வெளியே வந்து படியில் நின்றேன். அங்கே கடதாசி வேலைகள் செய்துகொடுக்கிற ஒரு வயதான மனிதர் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறார். மெதுவாகப் பக்கத்தில் வந்தார். "ஏன் புள்ள கஷ்டப்படுறீங்க? காய்ச்சல் எண்டு டொக்டர்ட்ட ஒரு மெடிக்கல் எடுத்துக் குடுங்க. கதை முடிஞ்சிது. எல்லாரும் செய்றதுதானே."

அவர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. திரும்பி வரும் வழியெல்லாம் அதையே யோசித்தேன். மெடிக்கல் கொடுத்தால் நானாவின் பெயர் வெளியே வராது. அவருக்குப் படகு இருக்கும், எனக்கு வழக்கு இருக்கும். ஆனால் நான் அன்று வெயிலில் நின்று கருவாடு புரட்டியதைக் கரை முழுக்கப் பார்த்திருக்கிறது. முதலாளி ஒரு ஆளைக் கொண்டுவந்து நிறுத்தினால் போதும், நான் பொய்க்காரியாகிவிடுவேன். கை முறிந்ததும் பொய்யாகிவிடும். பஸ்ஸில் யன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு அழுதேன். எதைப் பிடித்தாலும் அது என்னோடு சேர்ந்து மூழ்கப்போவதுபோல் இருந்தது.

நேராக நானாவின் வீட்டுக்குப் போனேன். இம்முறை கதவு திறந்திருந்தது. நானா பாயில் இருந்து சோறு தின்றுகொண்டிருந்தார். என்னைக் கண்டதும் கை நின்றது.

"ஏன் நானா?" என்றேன்.

அவர் நிமிர்ந்து பார்க்காமலே பேசினார். "கேஸ் நடந்தா என்னைப் படகுல ஏத்தமாட்டனெண்டு சொல்லிட்டார். இந்தக் கரையில வேற யாரும் ஏத்தவும் விடமாட்டார். என்ட புள்ளைகளுக்கு நான் என்னத்தக் குடுக்குற? உனக்கும் நல்லதுக்குத்தான் செஞ்சன். நாளைக்கு நீ மன்னாருக்குப் போய்டுவ. நாங்கதான் இங்க கெடக்கப் போறம்."

"கோட்டுக்கு வந்து இதையே சொல்லுங்க. இதே சொல்லுதான். வேற ஒண்டும் வேணாம்."

"நான் பொய்க்காரன் எண்டு நூறு பேருக்கு முன்னால சொல்லச் சொல்றியா? என்னைப் பிடிச்சு உள்ள போட்டா?"

"நீங்க வராட்டியும் நான் சொல்லுவன், நானா. உங்கட பேர் சொல்லித்தான் சொல்லுவன்."

அவர் எழும்பினார். சோற்றுக் கையோடு வாசலைக் காட்டினார். "அப்படிச் சொன்னா அதோட சரி. எனக்குத் தங்கச்சி இல்ல. என்ட மையித்துக்கும் வராத."

மதினி குசினி வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். நான் அவளிடம் போனேன். அவளுடைய கையைப் பிடித்தேன். "மதினி, நீங்க கண்டீங்க. அண்டைக்கு என்ட கை முறிஞ்சதையும் கண்டீங்க, இவர் எனக்குச் சொன்னதும் உங்களுக்குத் தெரியும். அல்லாஹ்வுக்காக ஒருக்கா வந்து சொல்லுங்க." அவள் கையை உருவிக்கொண்டாள். மீன் செதில் வழிக்கிற கத்தியை எடுத்துக்கொண்டு குனிந்துவிட்டாள். "எனக்கு ஒண்டும் தெரியாது. போங்க. புள்ள தூங்குது," என்றாள்.

அன்று அயல்வீட்டுப் பெண்ணின் போனை வாங்கி மன்னாருக்குப் பேசி, எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்துவிடுகிறேன் என்று கணவரிடம் சொன்னேன். "வாறதெண்டா வா. இங்க இன்னும் கூரை இல்ல. ஆனா ஒரு தரம் ஊரை விட்டு ஓடினது போதும் எண்டு நீதான் எனக்குச் சொன்ன," என்றார். போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டுத் தொழுதேன். துஆவில் என்ன கேட்பதென்றே தெரியவில்லை. நானா நல்லாயிருக்கவேண்டும் என்று கேட்பதா, அவர் அவமானப்படவேண்டும் என்று கேட்பதா? கையை மட்டும் ஏந்திக்கொண்டிருந்தேன்.

மறுநாள் போய் சத்தியக்கடதாசியில் கையெழுத்து வைத்தேன். நடந்தது நடந்தபடி அதில் இருந்தது, நானாவின் முழுப் பெயரோடு. சட்டத்தரணி வாசித்துக் காட்டியபோது அந்தப் பெயர் எத்தனை இடத்தில் வருகிறது என்று எண்ணினேன். கோணல் கையால் எழுதியதால் கையெழுத்தும் கோணலாகவே விழுந்தது.

மனுவை விசாரணைக்கு எடுத்த நாளன்று நீதிமன்றம் நிறைய ஆட்கள். முதலாளி வெள்ளைச் சாரமும் சேட்டும் உடுத்தி முன்வரிசை வாங்கில் இருந்தார். நானா தொழிலுக்குப் போயிருந்தார். படகில் அவர் போவதை நான் என் கண்ணாலேயே கண்டுவிட்டுத்தான் பஸ் ஏறினேன்.

என்னைச் சாட்சிக்கூட்டில் ஏற்றினார்கள். நான் தமிழில் சொல்ல, மொழிபெயர்ப்பாளர் நீதவானுக்குச் சிங்களத்தில் சொன்னார். நான் திக்கித்திக்கிச் சொன்னது அவர் வாயில் ஒரு மூச்சில் போய்விட்டது. எதிர்த்தரப்புச் சட்டத்தரணி எழும்பினார்.

"அன்று உங்களுக்குக் காய்ச்சலா?"

"இல்ல."

"பஸ் ஓடவில்லையா?"

"ஓடினது."

"வீட்டில் மரணமா?"

"இல்ல."

"அப்ப என்ன செய்துகொண்டிருந்தீங்க?"

"கருவாடு காயவைச்சன்."

சிலர் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். "உங்களைத் தடுத்ததாகச் சொல்கிற அண்ணன் எங்கே? ஏன் வரவில்லை? அப்படி ஒருவர் சொன்னதற்கு வேறு யார் சாட்சி?"

"அல்லாஹ்," என்றேன். அவர் கையை விரித்துவிட்டுத் தன் கதிரையில் இருந்துவிட்டார். நீதவான் எதையோ எழுதத் தொடங்கினார். அந்தப் பேனாவைப் பார்த்துக்கொண்டே நின்றேன். இப்போது எழுதுவதுதான் முடிவு, இனி வீட்டுக்குப் போய் மகள்களுக்கு என்ன சொல்வது என்று மனதில் ஓடியது. கூட்டின் மரத்தைப் பிடித்துக்கொண்டேன்.

அப்போது பின்னால் சலசலப்புக் கேட்டது. கறுப்பு அபாயாவில் ஒரு பெண் இடுப்பில் குழந்தையோடு எழும்பி நின்றாள். காவலுக்கு நின்ற பொலிஸ்காரர் இருக்கச் சொல்லிக் கை காட்டினார். அவள் இருக்கவில்லை. "நான் கதைக்கோணும்," என்றாள். குரலைக் கேட்டதும்தான் எனக்குத் தெரிந்தது, அது மதினி.

என் சட்டத்தரணி ஓடிப்போய் அவளிடம் ஏதோ கேட்டாள். பிறகு நீதவானிடம் திரும்பிச் சிங்களத்தில் வேகமாகப் பேசினாள். எதிர்த்தரப்பு எதிர்த்தது. நீதவான் பேனாவைக் கீழே வைத்தார்.

குழந்தையை யாரோ ஒரு பெண் வாங்கிக்கொள்ள, மதினி கூட்டில் ஏறி நாயன் அல்லாஹ்மேல் சத்தியம் செய்தாள். அவள் முதலாளியின் பக்கம் பார்க்கவே இல்லை.

"லோயர் மிஸ் கோல் எடுக்கக்குள்ள நான் பக்கத்துல இருந்தன். ஸ்பீக்கர்ல போட்டுத்தான் கதைச்சார். நாளைக்கு நேரத்துக்கு வரச் சொல்லுங்க எண்டு மிஸ் சொன்னா. போன வைச்சிட்டு இவர் முதலாளிட வீட்டுக்குப் போனார். வந்து, தங்கச்சிட்ட தவணை மாத்தினதெண்டு சொல்லப் போறன் எண்டார். நான் வேணாமெண்டு சொன்னன். கேக்கல்ல."

"ஏன் நீங்கள் முறைப்பாட்டாளரிடம் போய்ச் சொல்லவில்லை?" என்று கேட்டார் எதிர்த்தரப்புச் சட்டத்தரணி.

"பயம்," என்றாள் மதினி. பிறகு யாரும் கேட்காமலே சொன்னாள்: "இவட கைய முறிச்சதையும் நான் கண்டன். பொலிஸுக்குக் காணல்ல எண்டு சொன்னன். அதுவும் பயத்துலதான்." சட்டத்தரணி உடனே குறுக்கிட்டு, அது இப்போதைய விஷயமல்ல என்றார். நீதவான் தலையசைத்தார். ஆனால் மொழிபெயர்ப்பாளர் அதைச் சொல்லி முடித்திருந்தார்.

நீதவான் அதிக நேரம் எடுக்கவில்லை. முறைப்பாட்டாளர் தாமதிக்காமல் வந்திருக்கிறார், வராமல்போனது அவருடைய கையில் இருக்கவில்லை, முந்திய கட்டளையை நீக்குகிறேன் என்றார். வழக்குக்குப் புதிய தவணை விழுந்தது. மதினியின் பெயரைச் சாட்சிகளில் சேர்க்கவேண்டும் என்று என் சட்டத்தரணி கேட்டுக்கொண்டாள்.

வெளியே மதிலோரம் நிழலில் மதினியும் நானும் நின்றோம். நான் அவளைக் கட்டிப்பிடிக்கப் போனேன். அவள் விலகிக்கொண்டாள்.

"உங்களுக்காக வரல்ல," என்றாள். "நேத்து என்ட மூத்தவள், மாமிட கைய ஆரு உடைச்ச எண்டு கேட்டா. இவர் அவளுக்கும் விழுந்தது எண்டு சொன்னார். நானும் ஓம் எண்டு சொல்லப் பாத்தன். வாய் வரல்ல." பிறகு குழந்தையைத் தோளில் மாற்றிக்கொண்டு, "இனி நான் அந்த வீட்டுக்கு எப்படிப் போறது?" என்று கேட்டாள். அவளை மதுரங்குளியில் அவள் உம்மா வீட்டுக்குப் போகிற பஸ்ஸில் ஏற்றிவிட்டேன். பஸ் போனபின்னும் நான் அங்கேயே நின்றேன். வென்றவள்போல எனக்கு ஒன்றும் தோன்றவில்லை.

முதலாளி நானாவைப் படகில் ஏற்றவில்லை. சொன்னபடியே இந்தக் கரையில் வேறு எவரும் ஏற்றவும் விடவில்லை. சில கிழமை அவர் வீட்டுக்குள்ளேயே கிடந்தார். பிறகு மதுரங்குளிக்குப் போய் மனைவியையும் கைக்குழந்தையையும் கூட்டிக்கொண்டு வந்தார். என்ன பேசினார்கள் என்று எனக்குத் தெரியாது. வந்ததும் உப்பளத்தில் கூலிக்குச் சேர்ந்தார். கடலில் இருந்தவருக்கு அந்த வேலை பிடிக்காது என்பதை நடையிலேயே காணலாம். வழியில் என்னைக் கண்டால் மற்றப் பக்கமாகப் போவார்.

வழக்கு இன்னும் பல தவணை ஓடியது. மதினி சாட்சி சொல்ல வந்து வாங்கில் இருந்த நாளில், அவளுடைய பெயரைக் கூப்பிடுவதற்கு முன்னமே முதலாளி குற்றத்தை ஒப்புக்கொள்வதாக அவருடைய சட்டத்தரணி எழும்பிச் சொன்னார். தண்டப்பணம் கட்டச் சொன்னார்கள். சிறைத்தண்டனையை ஒத்திவைத்தார்கள். இனி ஒரு குற்றம் செய்தால் உள்ளே போகவேண்டும் என்று நீதவான் எச்சரித்தார். முதலாளி தலையைக் குனிந்து கேட்டார். இவ்வளவுக்காகவா இத்தனை காலம் என்று என் மகள்கள் கேட்டார்கள். "ஓம்," என்றேன். மணல்திட்டை அவர் அதற்குப் பிறகு தொடவில்லை.

அன்று வீட்டுக்குப் போகாமல் மதினியோடு அவளுடைய வீட்டுக்கே போனேன். நானா வாசலில் இருந்து காலில் உப்புப் பட்ட புண்களுக்கு மருந்து பூசிக்கொண்டிருந்தார். என் நிழல் விழுந்ததும் நிமிர்ந்தார். நான் சலாம் சொன்னேன். பதில் சலாம் சொல்லவேண்டியது கடமை என்பதால் சொன்னாரா, சொல்லவேண்டும் என்று தோன்றிச் சொன்னாரா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. வாய்க்குள்தான் சொன்னார். பிறகு மருந்துப் போத்தலை மூடி எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

மதினி எனக்கு ஒரு கதிரையை இழுத்துப் போட்டாள். நான் இருந்தேன்.